இரண்டு சமன்பாடுகளைக் கூட்ட யார் அனுமதி கொடுத்தது?

பெங்களூரில் பத்தாம் வகுப்புப் படிக்கும் தங்கள் மகளின் சார்பில் நீங்கள் மூன்று கேள்விகளை எழுப்பியிருக்கிறீர்கள். இருமாறி நேரியல் சமன்பாடுகளைத் தீர்க்க வரைபடம், பிரதியிடல், நீக்கல் ஆகியவற்றுள் எது சிறந்தது என்பது முதலாவது. அவள் போட்ட ஒரு கணக்கு 0 = 0 என்று வந்து நின்றுவிட்டது, அது சரியா தவறா என்பது இரண்டாவது. மூன்றாவதை நீங்கள் போகிற போக்கில்தான் குறிப்பிட்டிருக்கிறீர்கள்: "ஒரு சமன்பாட்டை மூன்றால் பெருக்கி இன்னொன்றோடு கூட்டச் சொல்கிறார்கள், அப்படிக் கூட்ட யார் அனுமதி கொடுத்தது, கூட்டிய பிறகும் அது பழைய கணக்குதானா?" என்று மகள் கேட்டதாகவும், விடை சரியாக வருகிறதே, பிறகென்ன என்று சொல்லிச் சமாளித்ததாகவும் எழுதியிருக்கிறீர்கள். என் கருத்தில் உண்மையான கேள்வி இதுதான். இதற்கு ஒழுங்கான பதில் கிடைத்துவிட்டால் மற்ற இரண்டும் பெரும்பாலும் தாமாகவே தெளிந்துவிடும். ஆகவே அதிலிருந்து தொடங்குகிறேன். பெங்களூரின் அல்சூர்ப் பகுதியில் நெடுங்காலம் கணிதம் கற்பித்தவன் நான். மாநிலப் பாடத்திட்டம், மத்தியப் பாடத்திட்டம் இரண்டிலும் பயிலும் தமிழ்ப் பிள்ளைகள் என்னிடம் படித்திருக்கிறார்கள். விடையைச் சரியாகப் போட்டுவிட்டு இந்தக் கேள்வியைக் கேட்காமலே போனவர்கள்தான் அவர்களில் மிகுதி.

மகள் எக்ஸ், ஒய் என்று எழுதும் இரு மாறிகளையும் இங்கே க, ச என்று எழுதுகிறேன். பெயரால் கணக்கு மாறுவதில்லை. 628 ஆம் ஆண்டில் எழுதிய இந்தியக் கணித அறிஞர் பிரம்மகுப்தர் தெரியாத அளவுகளை நிறங்களின் பெயர்களால் குறித்தார். எடுத்துக்காட்டாக, 2க + 3ச = 13 என்பது முதல் சமன்பாடு, 3க − ச = 3 என்பது இரண்டாவது என்று கொள்வோம். ஒவ்வொரு சமன்பாடும் ஒரு நிபந்தனை. முதல் நிபந்தனையை மட்டும் நிறைவுசெய்யும் எண்சோடிகள் எண்ணற்றவை, இரண்டாவதற்கும் அவ்வாறே. இரண்டையும் ஒருசேர நிறைவுசெய்யும் சோடி எது என்பதே நம்முன் உள்ள வினா.

அத்தகைய சோடி ஒன்று இருப்பதாக வைத்துக்கொள்வோம். அந்தச் சோடியைப் பொறுத்தவரை 3க − ச என்பதும் 3 என்பதும் வேறு வேறு பொருள்கள் அல்ல. ஒரே எண்ணை இரண்டு விதமாக எழுதியிருக்கிறோம், அவ்வளவே. அப்படியானால் அதன் மும்மடங்கான 9க − 3ச என்பதும் 9 என்பதும் ஒரே எண். இப்போது முதல் சமன்பாட்டின் இடப்புறத்தில் 9க − 3ச என்பதையும் வலப்புறத்தில் 9 என்பதையும் சேர்க்கிறோம். பார்வைக்கு இரண்டு சமன்பாடுகளைக் கூட்டியது போலத் தோன்றினாலும், நடந்தது என்னவென்றால் ஒரு சமன்பாட்டின் இருபுறமும் ஒரே எண்ணைக் கூட்டியதுதான். அது ஏழாம் எட்டாம் வகுப்பிலேயே தங்கள் மகள் ஏற்றுக்கொண்ட விதி. அதற்குமேல் புதிய அனுமதி எதுவும் இங்கே தேவைப்படவில்லை. கூட்டியதன் பயனாக 11க = 22 என்று கிடைக்கிறது; க = 2. இதை இரண்டாவது சமன்பாட்டில் இட்டால் ச = 3.

ஆனால் இது பாதி நியாயம்தான் என்பதை மறைக்கக் கூடாது. பழைய இரண்டு நிபந்தனைகளையும் நிறைவுசெய்யும் சோடி எதுவாயினும் புதிய நிபந்தனையையும் நிறைவுசெய்யும் என்பதை மட்டுமே மேலே காட்டியிருக்கிறோம். புதியதை நிறைவுசெய்வது பழையதையும் நிறைவுசெய்யுமா என்பதைக் காட்டவில்லை. அதற்குத் திரும்பிச் செல்லும் வழி வேண்டும். 11க = 22 என்பதோடு 3க − ச = 3 என்பதையும் கைவிடாமல் வைத்திருந்தால், இரண்டாவதன் மும்மடங்கைக் கழித்து 2க + 3ச = 13 என்பதை மீண்டும் அடைந்துவிடலாம். போன வழியே திரும்பி வர முடிகிறது என்பதால், பழைய இணையும் புதிய இணையும் ஒரே தீர்வையே உடையவை. இங்கே "இணை" என்ற சொல்லை வேண்டுமென்றே பயன்படுத்துகிறேன். நாம் மாற்றுவது ஒரு சமன்பாட்டை அன்று, ஓர் இணையை இன்னோர் இணையாக மாற்றுகிறோம். கூட்டிக் கிடைத்த ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு மற்ற இரண்டையும் எறிந்துவிட்டால், ச என்பதைப் பற்றிய செய்தி முழுவதும் தொலைந்துபோகும். சுழியால் பெருக்கினாலும் இதே இழப்பு நேரும்; 0 = 0 என்பதிலிருந்து 3க − ச = 3 என்பதை மீட்க எவராலும் இயலாது. பெருக்கும் எண் சுழியாக இருக்கக் கூடாது என்ற நிபந்தனை பாடநூலில் வருவதன் காரணம் இதுவே.

எல்லாச் செயல்களும் இப்படித் திரும்பக்கூடியவை அல்ல என்பதையும் மகள் அறிந்திருப்பது நல்லது. க = 2 என்ற சமன்பாட்டின் இருபுறத்தையும் வர்க்கப்படுத்தினால் −2 என்ற வேண்டாத விருந்தாளியும் உள்ளே வந்துவிடுகிறது. நேரியல் சமன்பாடுகளில் நாம் செய்யும் பெருக்கல், கூட்டல், கழித்தல் ஆகியவற்றில் அந்த ஆபத்து இல்லை. இது ஐயத்திற்கு இடமில்லாத செய்தி. எந்தப் பாடத்திட்டத்திலும் எந்த ஆசிரியரிடத்திலும் மாறாதது.

இதையே வரைபடத்தில் பார்த்தால் இன்னும் அழகாக இருக்கும். வரைபட முறையைப் பிள்ளைகள் பொதுவாக வேறொரு பாடமாகவே எண்ணுகிறார்கள். நான்கு மதிப்பெண்ணுக்காகக் கட்டக்காகிதத்தில் இரண்டு கோடுகளை வரைந்து, வெட்டும் புள்ளியைக் குறித்து, மூடிவைத்துவிடுகிறார்கள். மேற்கண்ட இரண்டு கோடுகளும் (2, 3) என்ற புள்ளியில் வெட்டுகின்றன. முதல் சமன்பாட்டை ஏதேனும் ஓர் எண்ணாலும் இரண்டாவதை வேறோர் எண்ணாலும் பெருக்கிக் கூட்டிப் பாருங்கள். கிடைப்பது இன்னொரு நேர்கோட்டின் சமன்பாடு. அந்தக் கோடும் அதே (2, 3) வழியாகத்தான் செல்லும். அப்படியே இரண்டையும் கூட்டினால் 5க + 2ச = 16; 10 + 6 = 16, செல்கிறது. முதலதிலிருந்து இரண்டாவதைக் கழித்தால் −க + 4ச = 10; −2 + 12 = 10, இதுவும் செல்கிறது. பெருக்கும் எண்களை மாற்ற மாற்ற, அந்த ஒரு புள்ளியை அச்சாகக் கொண்டு கோடு சுழன்றுகொண்டே இருக்கும். கூட்டியோ கழித்தோ ஒரு மாறியை ஒழிக்கும் நீக்கல் முறையில் நாம் செய்வது, இந்தக் கோடுகளின் கூட்டத்திலிருந்து நேர்செங்குத்தாக நிற்கும் ஒன்றையும் கிடைமட்டமாகப் படுத்திருக்கும் ஒன்றையும் தேடிப் பிடிப்பதுதான். செங்குத்துக் கோடு க = 2 என்கிறது, கிடைக்கோடு ச = 3 என்கிறது. கோடுகள் மாறுகின்றன, வெட்டும் புள்ளி மாறுவதில்லை. "செய்த பிறகும் அது பழைய கணக்குதானா" என்ற கேள்விக்கு இதைவிட நல்ல பதிலை நான் அறியேன். ஒரு மாலைப்பொழுதில் மகளை ஒரே கட்டக்காகிதத்தில் இந்த நான்கு கோடுகளையும், க = 2 என்ற ஐந்தாவதையும் வரையச் சொல்லுங்கள். கட்டக்காகிதத்தை இதற்குச் செலவிடுவது வீணாகாது.

பிரதியிடல் முறை இதிலிருந்து வேறுபட்டதா என்றால், வேறுபட்டதன்று. இரண்டாவது சமன்பாட்டிலிருந்து ச = 3க − 3 என்று எடுத்து முதலாவதில் இட்டால், 2க + 9க − 9 = 13, அதாவது மீண்டும் 11க = 22. அதே 11, அதே 22. இது தற்செயலன்று. முதல் சமன்பாட்டில் க-வின் கெழுவையும் (மாறியின் முன் நிற்கும் எண்ணே கெழு) இரண்டாவதில் ச-வின் கெழுவையும் பெருக்குங்கள்: 2 × (−1) = −2. மற்ற இரு கெழுக்களையும் பெருக்குங்கள்: 3 × 3 = 9. முன்னதிலிருந்து பின்னதைக் கழித்தால் −11. குறியை விட்டுப் பார்த்தால் அதே எண். எந்த வழியில் சென்றாலும் இந்த எண்ணின் வழியாகத்தான் சென்றாக வேண்டும். மேல் வகுப்புகளில் இதற்கு அணிக்கோவை என்று பெயர். குறுக்குப் பெருக்கல் முறை என்பது இந்த எண்ணை முதலிலேயே கணக்கிட்டு வகுத்துவிடும் சூத்திரம். 1750 ஆம் ஆண்டில் கிராமர் என்ற சுவிஸ் கணித அறிஞர் வெளியிட்ட விதியின் இரண்டு மாறிகளுக்கான சிறிய வடிவம் என்றும் அதைச் சொல்லலாம். நீக்கல் முறையோ அதைவிட மிக மிகப் பழையது. இன்று அது காஸ் என்ற ஜெர்மானியக் கணித அறிஞரின் பெயரால் வழங்கினாலும், சீனத்தின் "ஒன்பது அத்தியாயங்கள்" என்ற கணித நூலின் எட்டாம் அத்தியாயம் அதே வேலையைச் செய்கிறது. அந்த நூலுக்கு லியு ஹுய் 263 ஆம் ஆண்டில் உரை எழுதியிருக்கிறார்.

இனி 0 = 0. கணக்கை நீங்கள் எழுதி அனுப்பவில்லை. ஆதலால் தங்கள் மகள் விஷயத்தில் நடந்தது இரண்டில் எது என்று இங்கிருந்து தீர்ப்புச் சொல்ல இயலாது. இரண்டு வாய்ப்புகளையும் விளக்கினால் நீங்களே கண்டுபிடித்துவிடலாம். முதலாவது, அது உண்மையான விடையாக இருப்பது. 2க − 3ச = 7, 6க − 9ச = 21 என்று கொடுக்கப்பட்டிருந்தால், இரண்டாவது முதலாவதன் மும்மடங்கே அன்றி வேறில்லை. இரண்டு நிபந்தனை என்று நினைத்தோம், உண்மையில் இருந்தது ஒன்றுதான். நீக்கினால் 0 = 0 என்றுதான் வரும், வர வேண்டும். இரண்டு கோடுகளும் ஒன்றன்மேல் ஒன்று படிந்திருக்கின்றன, தீர்வுகள் எண்ணற்றவை. ஆனால் "எண்ணற்ற தீர்வுகள்" என்பதை "எந்த எண்ணும் தீர்வு" என்று பிள்ளைகள் எழுதிவிடுகிறார்கள். அது தவறு. (1, 1) என்ற சோடியை இட்டுப் பாருங்கள்: 2 − 3 = −1, ஏழு ஆகாது. ச-வுக்கு விரும்பிய மதிப்பைக் கொடுக்கலாம்; கொடுத்துவிட்டால் க அதற்குக் கட்டுப்பட்டே ஆக வேண்டும், அதாவது க = (7 + 3ச) ÷ 2. தீர்வுகள் எண்ணற்றவை ஆயினும் அவை அனைத்தும் ஒரே கோட்டின்மேல் இருப்பவை. இந்த வடிவத்தில் எழுதிக்காட்டும் பிள்ளைக்கு விஷயம் புரிந்திருக்கிறது என்று ஆசிரியர் அறிந்துகொள்வார்.

இரண்டாவது வாய்ப்பு, வழிமுறைத் தவறு. 2க − 3ச = 7, 4க + ச = 21 என்ற கணக்கை எடுத்துக்கொள்வோம். இரண்டாவதிலிருந்து ச = 21 − 4க என்று எடுத்த பிள்ளை, அதை முதலாவதில் இடாமல், கை பழக்கத்தில் இரண்டாவதிலேயே இட்டுவிட்டால், 4க + 21 − 4க = 21 என்றாகி 21 = 21 என்று நிற்கும். ஒரு நிபந்தனையிடம் அதே நிபந்தனையைப் பற்றி விசாரித்தால் "ஆம்" என்பதைத் தவிர வேறு என்ன சொல்லும்? இந்தக் கணக்குக்கு க = 5, ச = 1 என்ற ஒரே தீர்வு உண்டு. இரண்டு வாய்ப்புகளையும் பிரித்தறிய, முன்பு சொன்ன குறுக்குப் பெருக்கல் வித்தியாசத்தைப் பார்த்தால் போதும். இங்கே 2 × 1 − 4 × (−3) = 14; சுழி அன்று, எனவே ஒரே தீர்வு கட்டாயம் உண்டு, 0 = 0 என்று வந்திருந்தால் வழியில் எங்கோ பிசகு. முந்தைய கணக்கிலோ 2 × (−9) − 6 × (−3) = 0; ஆகவே அங்கே 0 = 0 என்று வந்தது நியாயமே. அந்த வித்தியாசம் சுழியாகவும், நீக்கிய பின் கிடைப்பது 0 = 5 போன்ற பொய்யாகவும் இருந்தால், கோடுகள் இணையானவை, தீர்வே இல்லை. பாடநூல் இதைக் கெழுக்களின் விகிதங்களாகச் சொல்கிறது. சரிதான்; ஆனால் ஏதேனும் ஒரு கெழு சுழியாக இருந்தால் சுழியால் வகுக்கும் சங்கடம் வரும். பெருக்கல் வடிவத்தில் அந்தச் சங்கடம் இல்லை என்பதால் நான் எப்போதும் அதையே கற்பித்து வந்தேன்.

எந்த முறை சிறந்தது என்ற கேள்விக்கு வருவோம். எல்லா முறைகளும் ஒரே இடத்திற்குக் கொண்டுசேர்ப்பவை என்பது நிச்சயம். எது எளிது என்பது கணக்கைப் பொறுத்தது. பேனாவைத் திறப்பதற்கு முன் கெழுக்களை ஒருமுறை உற்றுப் பார்க்கும் பழக்கம்தான் வேண்டியது. ஏதேனும் ஒரு கெழு 1 அல்லது −1 ஆக இருந்தால் பிரதியிடல் சுகமானது. அப்படி இல்லாதபோது பிரதியிட்டால் பின்னங்கள் முளைத்துத் தொல்லை தரும். அங்கே எலிமினேஷன் என்று இவ்வூர்ப் பிள்ளைகள் சொல்லும் நீக்கல் முறையே நல்லது. நீக்கும்போது 6க, 4க என்று இருந்தால் 4 ஆலும் 6 ஆலும் பெருக்கத் தேவையில்லை. மீச்சிறு பொது மடங்கு 12 என்பதால் 2 ஆலும் 3 ஆலும் பெருக்கினால் போதும். தசமங்களும் பின்னங்களும் இருந்தால் முதலில் அவற்றை ஒழித்துவிட்டுத்தான் மற்ற வேலை.

கெழுக்களை உற்றுப் பார்ப்பதன் பயனைக் காட்ட, நாம் வாழும் இந்தக் கன்னட நாட்டிலேயே பிறந்த ஒரு கணக்கு உண்டு. ராஷ்டிரகூட மன்னர் அமோகவர்ஷரின் காலத்தில், சுமார் 850 ஆம் ஆண்டில், மகாவீரர் என்ற சமணக் கணித அறிஞர் எழுதிய கணிதசாரசங்கிரகம் என்னும் நூலில் அது வருகிறது. சென்னையில் எம். ரங்காச்சாரியார் 1912 இல் அந்நூலை மொழிபெயர்ப்போடு பதிப்பித்தார். 9 நார்த்தம்பழங்களும் 7 விளாம்பழங்களும் சேர்ந்து 107; 7 நார்த்தம்பழங்களும் 9 விளாம்பழங்களும் சேர்ந்து 101; ஒவ்வொன்றின் விலை என்ன என்பது கேள்வி. நேரே நீக்கல் முறையில் இறங்கினால் 63, 81, 49 என்று எண்கள் பெருத்துக்கொண்டே போகும். ஆனால் 9, 7 என்ற கெழுக்கள் இடம் மாறி நிற்பதைக் கவனித்தவர்கள் முதலில் அப்படியே கூட்டுவார்கள்: 16 நார்த்தை, 16 விளா, மொத்தம் 208, ஆக ஒரு நார்த்தையும் ஒரு விளாவும் சேர்ந்து 13. பிறகு கழிப்பார்கள்: 2 நார்த்தைக்கும் 2 விளாவுக்கும் உள்ள வித்தியாசம் 6, ஆக ஒன்றுக்கொன்று வித்தியாசம் 3. நார்த்தை 8, விளா 5. காகிதமே வேண்டியதில்லை. இதே அமைப்பில் மூன்றிலக்கக் கெழுக்களைக் கொண்ட கணக்கொன்று இன்றைய பத்தாம் வகுப்புப் பயிற்சிகளிலும் வந்து பிள்ளைகளை மிரட்டுகிறது. எண்களைக் கண்டு அஞ்சாமல் அமைப்பைக் கண்டுகொண்டால் இரண்டு நிமிட வேலைதான்.

இந்தக் கணக்கிலேயே இன்னொரு நுட்பமும் இருக்கிறது. முதல் நிபந்தனை மட்டும் கொடுக்கப்பட்டு, விலைகள் முழு எண்களாக இருக்க வேண்டும் என்று மட்டும் சொல்லியிருந்தால்? ஒரே சமன்பாட்டுக்கு எண்ணற்ற தீர்வுகள் என்று படித்திருக்கிறோம். ஆனால் 9, 7, 107 என்ற இந்த எண்களுக்கு மிகை முழு எண்களில் இரண்டே தீர்வுகள்தான்: நார்த்தை 8, விளா 5, அல்லது நார்த்தை 1, விளா 14. இரண்டாவது நிபந்தனை வந்து பின்னதைத் தள்ளிவிடுகிறது, ஏனெனில் 7 + 126 = 133. முழு எண் தீர்வுகளைத் தேடும் கலை தனித்துறை. 499 இல் ஆரியபட்டர் சொன்ன குட்டக முறை அதற்கானது. பள்ளிக்கு அது தேவையில்லை. என்றாலும், "இரண்டு மாறி இருந்தால் இரண்டு சமன்பாடு வேண்டும்" என்ற சூத்திரத்தை எங்கும் கண்ணை மூடிக்கொண்டு பயன்படுத்தக் கூடாது என்பதற்காகச் சொல்கிறேன். சற்று முன்பு பார்த்த 6க − 9ச = 21 கணக்கில் இரண்டு சமன்பாடுகள் இருந்தும் தீர்வு ஒன்றாகக் குறையவில்லை; இங்கே ஒன்றே இரண்டாகக் குறைத்துவிட்டது.

சரிபார்த்தலைப் பற்றி ஒரு வார்த்தை. விடையைச் சமன்பாட்டில் இட்டுப் பார்க்க வேண்டும் என்று எல்லாரும் சொல்கிறார்கள். எந்தச் சமன்பாட்டில் என்பதைச் சொல்வதில்லை. க-வைத் தவறாகக் கண்டுபிடித்துவிட்டு, அதை இரண்டாவது சமன்பாட்டில் இட்டு ச-வைப் பெற்ற பிள்ளை, அதே இரண்டாவது சமன்பாட்டில் சரிபார்த்தால் எப்போதும் சரியாகவே வரும். நம் முதல் கணக்கில் க = 4 என்று தவறாகப் பெற்றால், 3க − ச = 3 என்பதிலிருந்து ச = 9; சரிபார்த்தால் 12 − 9 = 3, பொருந்துகிறது. முதல் சமன்பாட்டிலோ 8 + 27 = 35, பதின்மூன்றுக்கு எவ்வளவோ தொலைவு. எனவே ச-வைக் காணப் பயன்படுத்தாத சமன்பாட்டில்தான் சரிபார்க்க வேண்டும். அதுவும் மும்மடங்காக்கிய வடிவத்தில் அன்று, வினாத்தாளில் அச்சாகியுள்ள மூல வடிவத்தில். வினாத்தாளைப் பார்த்து எழுதும்போதே கழித்தல் குறியை விட்டுவிடுபவர்கள் ஏராளம்.

சமன்பாடு தீர்ந்தவுடன் வேலை முடிந்துவிடுவதில்லை என்பதற்கு நம் ஊர் ஆட்டோவையே எடுத்துக்கொள்ளலாம். நிலையான ஒரு தொகையும் கிலோமீட்டருக்கு ஒரு தொகையும் சேர்ந்ததே கட்டணம் என்று கொண்டு அவற்றைக் கண்டுபிடிக்கச் சொல்லும் கணக்கு எல்லாப் பாடநூல்களிலும் உண்டு. 2025 ஆகஸ்ட் 1 முதல் பெங்களூரில் மீட்டர்க் கட்டணம் முதல் 2 கிலோமீட்டருக்கு 36 ரூபாய், அதன்மேல் கிலோமீட்டருக்கு 18 ரூபாய். இதை அறியாத ஒருவர், மீட்டர் போட்டு ஓட்டும் ஆட்டோ கிடைத்த பாக்கியசாலி என்று வைத்துக்கொள்வோம், 5 கிலோமீட்டருக்கு 90 ரூபாயும் 8 கிலோமீட்டருக்கு 144 ரூபாயும் கொடுக்கிறார். நிலைத்தொகை க, கிலோமீட்டர்த் தொகை ச என்றால், க + 5ச = 90, க + 8ச = 144. கழித்தால் 3ச = 54, ச = 18; க = 0. நிலைத்தொகையே இல்லை! முதல் 2 கிலோமீட்டருக்கான 36 ரூபாயும் கிலோமீட்டருக்கு 18 என்ற அதே வீதம்தான் என்பது தீர்த்த பிறகே கண்ணில் படுகிறது. ஆனால் இதை வைத்து 1 கிலோமீட்டருக்கு 18 ரூபாய் என்று முடிவுகட்டினால் தவறு, ஏனெனில் குறைந்தபட்சக் கட்டணம் 36. நம் நேர்கோடு 2 கிலோமீட்டருக்கு அப்பால் மட்டுமே செல்லுபடியாகும். சமன்பாடு இந்த எல்லையைத் தானாகச் சொல்லாது.

இதைவிட மோசமாகவும் ஏமாறலாம். இரவு 10 மணி முதல் காலை 5 மணி வரை கட்டணம் ஒன்றரை மடங்கு. 5 கிலோமீட்டர்ப் பயணம் இரவில் நடந்து 135 ரூபாயும், 8 கிலோமீட்டர்ப் பயணம் பகலில் நடந்து 144 ரூபாயும் ஆகியிருந்தால், க + 5ச = 135, க + 8ச = 144 என்பதன் தீர்வு ச = 3, க = 120. எவ்வளவு நேர்த்தியான முழு எண்கள்! இரண்டு சமன்பாட்டிலும் சரிபார்த்தாலும் பொருந்தும். ஆயினும் விடை முழுப்பொய், ஏனெனில் இரு சமன்பாடுகளிலும் உள்ள ச ஒரே ச அன்று. கணிதம் பிழை செய்யவில்லை. வாக்கியத்தைச் சமன்பாடாக்கிய இடத்தில் பிழை. வாக்கியக் கணக்குகளில் ஆள்களின் எண்ணிக்கை மூன்றரை என்றோ வயது கழித்தல் நான்கு என்றோ வந்தால், நீக்கலைத் திரும்பப் போடுவதற்கு முன் இந்த இடத்தைத்தான் பார்க்கச் சொல்வேன்.

அளந்து பெற்ற எண்களுக்கு மற்றோர் ஆபத்து உண்டு. பள்ளிப் பாடநூல் இதைப் பேசுவதில்லை. பகலில் 10 கிலோமீட்டருக்கு 180 ரூபாய், 10.1 கிலோமீட்டருக்கு 181.80, அதைச் சில்லறை இல்லாமல் 182 ஆக வாங்கினார்கள் என்று கொள்வோம். தீர்த்தால் 0.1ச = 2, ச = 20, க = −20. இருபது பைசா முழுமையாக்கியதற்கு நிலைத்தொகை சுழியிலிருந்து கழித்தல் இருபதுக்குப் போய்விட்டது. இரண்டு கோடுகளும் ஏறத்தாழ இணையாக இருப்பதால், ஒன்று மயிரிழை அசைந்தாலும் வெட்டும் புள்ளி வெகுதூரம் ஓடிவிடுகிறது. மாறாக 3 கிலோமீட்டருக்கு 54, 15 கிலோமீட்டருக்கு 270 என்ற பயணங்களை எடுத்து, பின்னதில் ஒரு ரூபாயே பிசகி 271 ஆனாலும், ச ஏறக்குறைய 18.08 தான். குறுக்குப் பெருக்கல் வித்தியாசம் சுழியா இல்லையா என்பது பாடநூலின் கேள்வி. அளவீடுகளோடு வேலை செய்பவர்கள் அது கெழுக்களோடு ஒப்பிடச் சுழிக்கு எவ்வளவு அருகில் இருக்கிறது என்றும் கேட்பார்கள். வரைபட முறையில் விடை துல்லியமாகக் கிடைக்காது என்றாலும், இந்த அபாயத்தை அது ஒரே பார்வையில் காட்டிவிடும் என்பதால் அதை இளக்காரமாக எண்ண வேண்டாம்.

தேர்வைப் பற்றி நான் சொல்லக்கூடியது இவற்றைப் போல உறுதியானதன்று. அனுபவத்தை வைத்துச் சொல்வது. "நீக்கல் முறையில் தீர்க்க" என்று கேட்டிருந்தால் அந்த முறையிலேயே எழுத வேண்டும். வேறு வழியில் சரியான விடை வந்தாலும் மதிப்பெண் குறைய இடமுண்டு. முறை குறிப்பிடப்படாதபோது, படிகளைக் காட்டியிருந்தால் எதையும் ஏற்பதுதான் நான் கண்ட வழக்கம். மகாவீரர் கணக்கைப் போலக் கூட்டியும் கழித்தும் முடித்தால் அந்த இரு வரிகளையும் வெளிப்படையாக எழுதிக்காட்ட வேண்டும். குறுக்குப் பெருக்கல் முறையைக் கற்கத்தான் வேண்டுமா என்றும் நீங்கள் பின்குறிப்பாகக் கேட்டிருந்தீர்கள். 2022-23 கல்வியாண்டில் பாடச்சுமையைக் குறைத்தபோது, மத்தியப் பாடத்திட்ட நூல்களை வெளியிடும் என்சிஇஆர்டி அதைப் பத்தாம் வகுப்பு நூலிலிருந்து எடுத்துவிட்டது. தமிழ்நாட்டின் ஒன்பதாம் வகுப்பு நூலில் அது உண்டு என்பதால், ஓசூரிலோ சேலத்திலோ படிக்கும் உறவுப் பிள்ளைகளிடம் மகள் அதைப் பார்த்திருக்கக்கூடும். எண்களுக்குப் பதிலாக எழுத்துகளே கெழுக்களாக வரும் கணக்குகளில் அது உண்மையிலேயே நேரம் மிச்சப்படுத்தும். கற்பதானால் ஒரு எச்சரிக்கை: அந்தச் சூத்திரம் வலப்புறம் சுழியாக இருக்கும் வடிவத்துக்கு எழுதப்பட்டது. 2க + 3ச = 13 என்பதை 2க + 3ச − 13 = 0 என்று மாற்றாமல் 13 ஐ அப்படியே இட்டால், இரண்டு விடைகளும் குறி மாறி −2, −3 என்று வரும்.